லாவோஸ் தேச யாத்திரையும் சிறு கூட்டத்தின் பயனும்

பௌத்த தேசங்கள் யாவை என்று வினவின், நம்மவருள் பெரும்பாலோர் இலங்கை, பர்மா, தாய்லாந்து, ஜப்பான் என விரைந்து கூறுவர். லாவோஸ் என்னும் பெயர் அவர் நாவில் எளிதில் எழுவதில்லை. அத்தேசமோ கடற்கரை இல்லாதது. சீனம், வியட்நாம், கம்போடியா, தாய்லாந்து, பர்மா ஆகிய ஐந்து தேசங்கள் அதனைச் சூழ்ந்து நிற்கின்றன. பரப்பில் 2,36,800 சதுர கிலோமீட்டர். தமிழ்நாட்டைக் காட்டினும் ஒன்றேமுக்கால் மடங்கிற்கு மேற்பட்டது. ஆயினும் மக்கள் தொகை முக்கால் கோடி அளவே ஆகும். மலையும் காடும் மிகுந்து, மேகோங் என்னும் பேராறு வடக்கினின்று தெற்கே நெடுக ஓடும் அந்நாட்டிற்கு எம் சங்கத்தார் ஒன்பதின்மர் சென்று மீண்டனர். அவருள் யாமும் ஒருவராயிருந்தோம். கண்டவற்றைக் காட்டினும் காணும் முறையைக் குறித்து யாம் கற்றதே மிகுதியாதலின், அதனைப் பாடமாக இங்கு எழுதத் துணிந்தோம்.

புறப்படுமுன் எம்முள் ஒரு வழக்கு எழுந்தது. நாற்பது பேர் கொண்ட பேருந்துக் கூட்டத்தோடு சேர்ந்து செல்லின் தலைக்கு ஆகும் செலவு வெகுவாகக் குறையும் என்றனர் சிலர். யாமும் அக்கட்சியினரே என்பதை மறைப்பதற்கில்லை. பஞ்சாலையில் இருபதாண்டுகளுக்கு மேல் உழைத்துச் சேர்த்த காசு எளிதில் கையைவிட்டு நீங்காது. "பத்துப் பேருக்கு ஒரு வழிகாட்டி என்பது செல்வந்தர் ஆடம்பரம், ஐயா; நமக்கேன்?" என்று கூட்டத்தில் எழுந்து பேசிய இளைஞருக்கு முதலில் கைதட்டியவர் யாமே. உபாசிகையார் ஒருவர் மட்டும், "அண்ணா, நாற்பது பேர் சென்றால் நாம் நாற்பது பேரைத்தான் பார்த்து வருவோம்" என்றார். பெண்மணிகள் நால்வரும் அவர் பக்கம் நிற்கவே, சிறு கூட்டம் என்பதே முடிவாயிற்று.

தாய்லாந்தின் நோங் காய் ஊரிலிருந்து, 1994ஆம் ஆண்டு திறக்கப்பட்ட நட்புறவுப் பாலத்தின் வழியே மேகோங்கைக் கடந்து, தலைநகராகிய வியந்தியானை அடைந்தோம். அங்கு எம்மை எதிர்கொண்ட வழிகாட்டி முப்பது வயது மதிக்கத்தக்க லாவோ நங்கை. கரம் குவித்து "சபாய்தீ" என்று வணங்கினார். எம் நரையைக் கண்டு எம்மை "லுங்" என்றே அழைக்கலானார். பெற்றோரின் மூத்த உடன்பிறந்தானைக் குறிக்கும் சொல் அது. நம் பெரியப்பா என்க. அவர் ஆங்கிலத்தில் உரைப்பதை எம் கூட்டத்து இளைஞர் தமிழில் பெயர்த்துக் கூறுவார்.

வியந்தியானில் ஒரு பகலே தங்கினோம். மன்னர் செட்டாதிராட் 1566ஆம் ஆண்டில் எழுப்பிய பா தாட் லுவாங் என்னும் பொன்மயமான தூபியையும், 1818ஆம் ஆண்டில் அனுவோங் மன்னரால் கட்டப்பெற்ற சீ சகேத் விகாரையையும் கண்டோம். 1828ஆம் ஆண்டில் சயாமியர் படை நகரை அழித்தபோது பெரும்பாலும் சிதையாது எஞ்சியது இவ்விகாரையே. சுவரெங்கும் சிறு மாடங்கள். மாடந்தோறும் புத்தர் படிமங்கள். அங்கிருந்த பலகைகளின் எழுத்து வட்ட வட்டமாய் நம் எழுத்தை நினைவூட்டியது. அது வியப்பன்று. தென்னிந்தியாவிலிருந்து சென்ற பல்லவர் கால எழுத்தே கெமர் எழுத்தாகி, அதன் வழியாகவே லாவோ எழுத்தும் பிறந்தது என அறிஞர் கூறுவர். ஏப்ரல் நடுவில் நாம் புத்தாண்டு கொண்டாடும் அந்நாட்களிலேயே அவர்க்கும் புத்தாண்டு வருகின்றது.

மறுநாள் புகைவண்டியேறினோம். சீன எல்லை வரை செல்லும் இவ்விருப்புப்பாதை 2021 டிசம்பரில்தான் திறக்கப்பட்டது. முன்னர் மலைச்சாலையில் ஒரு பகலை விழுங்கிய வழியை இரண்டு மணி நேர அளவில் கடந்து, லுவாங் பிரபாங் என்னும் பழைய அரச நகரை அடைந்தோம். மேகோங் ஆறும் நாம் கான் ஆறும் கூடுமிடத்தில், நாக்குப் போல நீண்ட நிலத்தில் அமைந்த ஊர் அது. 1995 முதல் உலக மரபுச் சின்னமாகக் காக்கப்படுகிறது.

அந்நிலத்தின் முனையில் சியெங் தோங் விகாரை நிற்கின்றது. 1560ஆம் ஆண்டளவில் செட்டாதிராட் மன்னர் கட்டியது. அடுக்கடுக்காய்ச் சரிந்து தரையைத் தொட வருவது போன்ற கூரையை உடையது. ஆயினும் எம் உள்ளத்தைக் கவர்ந்தது அப்பெருங் கட்டிடமன்று. அதன் பின்னே நிற்கும் சிறிய செந்நிறக் கோயிலே. அதன் புறச்சுவர் முழுதும் வண்ணக் கண்ணாடித் துண்டுகளால் உழவு, வேட்டை, படகு என ஊரார் வாழ்க்கை பதிக்கப்பட்டுள்ளது. பகவான் பரிநிர்வாணமுற்று 2500 ஆண்டுகள் நிறைந்ததைக் கொண்டாடும் பொருட்டு, 1950களின் பிற்பகுதியில் செய்யப்பட்ட வேலை அது என்று வழிகாட்டி கூறினார். அன்பர்களே, அதே 2500ஆம் ஆண்டு நிறைவினையொட்டியன்றோ 1956 அக்டோபர் 14ஆம் நாள் நாகபுரியில் பாபாசாகேப் அம்பேத்கர் இலட்சக்கணக்கான மக்களோடு பகவானைச் சரணடைந்தார்! இங்கு நம் பெற்றோரும் பாட்டன்மாரும் புது வாழ்வு பெற்ற காலத்தில், அங்கு யாரோ ஒரு தொழிலாளி உழவனின் உருவைக் கண்ணாடியில் ஒட்டிக்கொண்டிருந்திருக்கிறான். நாற்பது பேர் கூட்டமாயின் அச்சுவர் முன் கால்மணி நேரம் நிற்க யார் விடுவர்?

இனிப் பிண்டபாதத்தைக் குறித்துச் சொல்லவேண்டும். லாவோ மொழியில் தக் பாத் என்பர். நாள்தோறும் விடியலில் அந்நகரத்து விகாரைகளின் பிக்குகளும் சாமணேரர்களும், மூத்தோர் முன்னும் இளையோர் பின்னுமாய், வெறுங்காலுடன் வரிசையாய் வீதிகளில் வருவர். ஊரார் தாழ அமர்ந்து, ஒட்டும் தன்மையுடைய அரிசிச் சோற்றைச் சிறிது சிறிதாகப் பாத்திரங்களில் இடுவர். பேச்சில்லை, நன்றி கூறலுமில்லை. இதனைக் காணவே தொலைதேசத்தார் பலர் வருகின்றனர். வருவோர் பெருகப் பெருக, காணவந்த பொருள் குறைந்துகொண்டே போகின்றது.

முன்னிரவே வழிகாட்டி எம்மை அமர்த்திச் சில விதிகளைக் கூறினார். தோளும் முழந்தாளும் மூடிய உடை வேண்டும். காலணி ஆகாது. தலை பிக்குகளின் தலைக்கு மேல் உயரலாகாது. பெண்டிர் பிக்குகளைத் தீண்டலாகாது. படம் எடுப்போர் வீதியின் எதிர்ப்புறத்தே நின்று, பளிச்சிடும் விளக்கின்றி எடுத்தல் வேண்டும். மனம் ஒன்றாதோர் சோறிடாது ஒதுங்கி நின்று காண்பதே மரியாதை. வீதியில் சுற்றுலாக்காரர்க்கென விற்கும் சோறு பல வேளை நன்றாயிராது ஆகையால், விடுதியிலேயே சொல்லிச் சமைப்பித்தல் நன்று.

இவற்றைக் கேட்ட எம் கூட்டத்து முதியவர் ஒருவர்க்குச் சினம் மூண்டது. "யாம் பௌத்தர். எமக்கே பௌத்த ஒழுக்கம் கற்பிப்பதா?" என்றார். வழிகாட்டி அமைதியாய், "நீங்கள் யார் என்பது வரிசையில் வரும் பத்து வயதுச் சாமணேரனுக்குத் தெரியாது, லுங். நீங்கள் எழுந்து நிற்கிறீர்களா அமர்ந்திருக்கிறீர்களா என்பது மட்டுமே தெரியும்" என்றார். முதியவர் விடை பகரவில்லை. மறுநாள் முதலில் குளித்துப் பாயில் அமர்ந்தவர் அவரே.

யாங்கள் அமர்ந்தது பெருவீதியன்று. ஊரார் மட்டும் அமரும் ஒரு சிறு சந்து. ஒன்பதின்மர்க்கு அங்கு இடமுண்டு, நாற்பதின்மர்க்கு இல்லை. எமக்கருகில் ஒரு மூதாட்டியார் தம் மூங்கிற் கூடையைத் திறந்து எமக்கு உருண்டை பிடிக்கும் விதத்தைக் கையாலே காட்டினார். பிக்குகள் வந்தனர். வரிசையின் கடைசியில் வறிய சிறுவர் இருவர் கூடையோடு அமர்ந்திருந்தனர். சோறு பெற்ற பிக்குகள் சிலர் அதில் ஒரு பகுதியை அச்சிறுவர் கூடையில் இட்டுச் சென்றனர். கொடுப்போன், கொள்வோன் என யாம் நூல்களிற் படித்துப் பிரித்து வைத்திருந்த பிரிவு அக்கணத்தே எமக்குத் தெளிவற்றுப் போயிற்று. பின்னர்ப் பெருவீதிக்கு வந்தபோது, பேருந்துகளில் வந்திறங்கிய பெருங்கூட்டம் பிக்குகளின் முகத்தருகே கைப்பேசி நீட்டி நின்றது. ஒருவர் வரிசையின் குறுக்கே ஓடிப் படமெடுத்தார். அவரைக் குறை கூற எமக்கு வாயில்லை. அக்கூட்டத்திற்கு வாக்களித்தவர் யாம்.

ஆற்றின் வழியே 25 கிலோமீட்டர் மேற்சென்று பாக் ஊ குகைகளையும் கண்டோம். பழுதுற்ற, மூத்த புத்தர் படிமங்களை மக்கள் எறிந்துவிடாது கொண்டுவந்து வைக்கும் இடம் அது. அவை ஆயிரக்கணக்கில் உள்ளன.

அங்கிருந்து சியெங் குவாங் மாகாணத்துப் போன்சவான் நகர்க்கு ஒரு பகல் முழுதும் சிறு வண்டியில் மலை வளைவுகளைக் கடந்தோம். அங்குதான் கல்தாழிச் சமவெளி உள்ளது. கல்லைக் குடைந்து செய்த பெருந்தாழிகள். சில மூன்று மீட்டர் அளவு உயரமுடையன. கி.மு. 500 முதல் கி.பி. 500 வரையிலான காலத்தன என்றும், ஈமச் சடங்கிற்கு உரியன என்றும் ஆய்வாளர் கருதுவர். 1930களில் மத்லேன் கொலானி என்னும் பிரெஞ்சு அம்மையார் இவற்றை முறையாய் ஆய்ந்தார். 2019ஆம் ஆண்டில் இவற்றுள் 15 இடங்கள் உலக மரபுப் பட்டியலில் ஏறின. ஆதிச்சநல்லூரின் முதுமக்கள் தாழியை அறிந்த நமக்கு இக்காட்சி அந்நியமன்று. இரண்டிற்கும் தொடர்புண்டு என யாம் கூறவில்லை. இறந்தோரைத் தாழியிலிட்டுப் போற்றும் எண்ணம் தொலைவான இருவேறு மக்களுக்கும் தோன்றியதையே சுட்டுகின்றோம்.

தாழிகளினிடையே பெரும் பள்ளங்கள் கிடக்கின்றன. அவை குண்டு விழுந்த குழிகள். 1964 முதல் 1973 வரை அமெரிக்க விமானங்கள் இந்நாட்டின்மீது 5,80,000 முறை பறந்து, இருபது லட்சம் டன்னுக்கும் மேற்பட்ட குண்டுகளைப் பொழிந்தன. ஒன்பது ஆண்டுகள், இரவும் பகலும், எட்டு நிமிடத்திற்கு ஒரு விமானச் சுமை என்று கணக்கிட்டுள்ளனர். அவற்றுள் கொத்துக் குண்டுகளின் சிறு உருண்டைகள் 27 கோடி. ஏறத்தாழ 8 கோடி வெடிக்காமல் மண்ணிலே தங்கின. 'பொம்பி' என்று ஊரார் அழைக்கும் அவை பந்தளவே உள்ளன. பிள்ளைகள் விளையாட்டுப் பொருளென எடுக்கின்றனர். உழவர் மண்வெட்டியால் தட்டுகின்றனர். போர் ஓய்ந்த பின்னும் இருபதாயிரத்திற்கு மேற்பட்டோர் மாண்டும் உறுப்பிழந்தும் போயினர்.

ஆகையால் அச்சமவெளியில் தரையோடு பதித்த சிறு அடையாளக் கற்கள் உள்ளன. கல்லின் ஒரு பாதி வெண்மை, மறுபாதி செம்மை. வெண்புறம் மண்ணின் அடிவரை சோதித்துத் துப்புரவாக்கிய நிலம். செம்புறம் மேற்பரப்பு மட்டுமே பார்க்கப்பட்டது. வெண்புறத்தே நடத்தல் வேண்டும் என்பதே விதி. வண்டியில் ஒருமுறை, வாயிலில் ஒருமுறை, ஆக இருமுறை இதனைக் கேட்டுத் தலையசைத்தோம்.

அவ்வாறு தலையசைத்த யாமே பிழைத்தோம். சற்றுத் தொலைவில் மூடியோடு கூடியதாய் ஒரு தாழி தோன்றவே, அதனை அணுகிக் காணும் ஆவலில் பேசிக்கொண்டே இரண்டடி வைத்துவிட்டோம். பின்னிருந்து வழிகாட்டி எம் மேற்கையை இறுகப் பற்றினார். கத்தவில்லை. "லுங், அசையாதீர்கள். வந்த அடியிலேயே அடிவைத்துப் பின்னே வாருங்கள்" என்றார். குனிந்து நோக்கினோம். செம்புறம் எம் காலடிக்குப் பின்னே இருந்தது. யாதும் நேரவில்லை. ஆயினும் வெண்புறம் மீண்டு நின்றபோது எம் முழந்தாள் நடுங்கியதை ஒன்பதின்மரும் கண்டனர். பின்னர் அவரிடம், எமது அடி தவறியதை எங்ஙனம் கண்டீர் என வினவினோம். "ஒன்பது பேரின் பதினெட்டுக் கால்களை எண்ண முடியும். எண்பது கால்களை எண்ண முடியாது" என்றார்.

எமக்குப் பஞ்சாலைத் தரையில் தீட்டிய மஞ்சட் கோடு நினைவிற்கு வந்தது. சுழலும் பொறிக்கு இத்துணை அணுகலாம், இதற்கு மேல் ஆகாது என்பதற்காக இட்ட கோடு அது. புதிதாய்ச் சேர்வோரை மேஸ்திரியார் நால்வர் நால்வராய் அழைத்துச் சென்று காட்டுவார். ஒருகால் வேலை மிகுதியெனப் பதினைந்து பேரை ஒருங்கே உள்ளே விட்டனர். அன்று ஒரு பையன் இரு விரல்களை இழந்தான். அவனுக்குப் பின்னால் நின்ற யாம் அதனைக் கண்ணாற் கண்டிருந்தும், முப்பதாண்டுகள் கழித்துச் செலவுக் கணக்குப் போட்டபோது மறந்தோம்.

மறுநாள் பான் நாபியா என்னும் சிற்றூர்க்குச் சென்றோம். குண்டுகளினின்றும் விமானங்களினின்றும் கிடைத்த அலுமினியத்தை உருக்கிக் கரண்டி வார்க்கும் ஊர் அது. மண் உலையில் உலோகம் உருகுகின்றது. மரமும் சாம்பலும் கொண்ட அச்சில் அதனை ஊற்றுகின்றனர். சிறிது பொறுத்து அச்சைப் பிளந்தால் கரண்டி. ஓர் அம்மையார் அளவுகோலின்றி, கண்ணளவாலேயே ஊற்றிய லாகவத்தைப் பொறிகளோடு பழகிய யாம் வெகுநேரம் நோக்கி நின்றோம். அவரிடமே நேரில் பன்னிரண்டு கரண்டிகள் வாங்கினோம். ஒன்று சங்கத்துச் சமையலறையில் உப்புச் சாடியில் உள்ளது.

செல்ல விரும்புவோர்க்குச் சில குறிப்புகள். நவம்பர் முதல் பிப்ரவரி வரை குளிர்ந்து உலர்ந்த நற்காலம். மார்ச்சு, ஏப்ரல் திங்களில் காடெரிக்கும் புகை மலைகளை மறைத்துவிடும். மே முதல் அக்டோபர் வரை மழை. மலைநகரில் விடியல் குளிர் கடுமையாதலின் கம்பளி உடை வேண்டும். பிறர் தலையைத் தொடுதலும் படிமத்தை நோக்கிக் கால் நீட்டுதலும் அங்கு இழிவு. நாட்கள் மிகுந்திருப்பின் தெற்கே சம்பாசக்கிலுள்ள வாட் பூ காண்க. இலிங்க வடிவான சிகரத்தின் அடியில் சிவனுக்கென எழுப்பி, பின்னர்ப் பௌத்தர் வழிபாட்டிடமான பழங்கோயில் அது. நம் நாட்டில் இதற்கு மறுதலையான கதைகளையே கேட்டுப் பழகிய நமக்குப் புதுமையாயிருக்கும்.

அடுத்த குழுவிற்குப் பெயர் கொடுப்போர் பத்துப் பேருக்கு மேற்படின் இரண்டாகப் பிரித்து வெவ்வேறு வாரத்தில் அனுப்புவதென்று சங்கத்தில் முடிவாகியுள்ளது. அத்தீர்மானத்தை முன்மொழிந்தவர் யாம்.