இரட்டைப் பிள்ளைகளும் ஆசிரியரின் அளவுகோலும்

இரட்டைப் பிள்ளைகள் இருவர் ஒரு வகுப்பிற் சேர்ந்தால், ஆசிரியர் முதலில் அவர்களைப் பிரித்தறிதற்கு அடையாளந் தேடுகின்றார். அடையாளங் கிடைத்த சின்னாளில் ஒருவரை மற்றவருக்கு அளவுகோலாக வைக்கத் தொடங்குகின்றார். “தம்பி எழுதிவிட்டான், உனக்கு மாத்திரம் ஏன் வரவில்லை?” என்னும் வினாவைக் கேளாத இரட்டையர் மிகச் சிலரே. ஒருங்கு பிறந்தோர் ஒருங்கே வளர்தல் வேண்டும் என்னும் எண்ணமே இவ்வினாவிற்கு அடிப்படை. அஃது எத்துணைப் பொருந்தும் என ஈண்டு ஆராய்வாம்.

இரட்டையர் இருவகையினர். கருக்கட்டிய முட்டையொன்று தொடக்கத்தில் இரண்டாகப் பிரிதலாற் பிறப்போர் ஒரு வகை. முட்டைகள் இரண்டு ஒரே காலத்திற் கருக்கட்டுதலாற் பிறப்போர் மற்றொரு வகை. பின்னவர் பரம்பரையலகின் ஒப்புமையில், முன்பின்னாகப் பிறந்த சகோதரரினும் நெருங்கியவரல்லர். ஆகவே அவர் உயரத்தினும் நினைவாற்றலினும் குணத்தினும் வேறுபடுதல் வியப்பன்று.

முன்னவர் திறமே ஆராயத்தக்கது. பரம்பரையலகுகள் ஒத்திருந்தும், அவர்தம் வேறுபாடு கருப்பையிலேயே தொடங்குகின்றது. இவ்வகையினருள் ஏறக்குறைய மூன்றில் இரு பங்கினர் ஒரே சூல்வித்தகத்தைப் பகிர்ந்து வளர்வர். அப்பகிர்வு சமமாக இல்லாதவிடத்து ஒரு சிசு ஊட்டங் குறைந்து, நிறையிற் சிறுத்துப் பிறக்கும். அந்நிறை வேறுபாடு பின்னர்ப் பெரும்பாலுஞ் சுருங்கும். முற்றாக மறையாதிருத்தலும் உண்டு. விரல்ரேகையும் இவர்க்கு ஒன்றாவதில்லை. வகுப்பிற் குள்ளமாகவும் மெல்லியனாகவும் இருக்கும் பிள்ளை சோம்பலினாலோ உண்ண மறுத்தலினாலோ அவ்வாறாயினான் எனத் துணிதற்குமுன், ஆசிரியர் இதனை நினைத்தல் நன்று.

இனிப் பயிற்சியாலாகும் வேறுபாட்டை நோக்குவாம். அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகத்தைச் சார்ந்த கெசல், தோம்சன் என்னும் இருவர், 1929 இல் வெளியிட்ட ஆராய்ச்சியொன்றில், இரட்டைப் பெண் குழந்தைகளுள் ஒன்றிற்கு 46 ஆவது வாரந்தொட்டு ஆறு வாரம் நாடோறும் படியேறப் பழக்கினர். மற்றதற்கு அப்பயிற்சி இல்லை. பழகிய குழந்தை 52 ஆவது வாரத்தில் 26 செக்கனிற் படிகளை ஏறிற்று. பழகாத குழந்தையோ 53 ஆவது வாரத்தில் ஒருவர் துணையுமின்றி 45 செக்கனில் ஏறியது. இரண்டே வாரம் பழக்கியபின் 10 செக்கனில் ஏறியது. உடல் பதமடைந்தபின் பெற்ற சிறு பயிற்சி, பதமடையுமுன் பெற்ற நெடும் பயிற்சிக்கு ஈடாயிற்று. ஆயினும் இஃது ஒரேயொரு சோடியில் நிகழ்த்திய சோதனை. படியேறுதல் வேறு, எழுத்தறிதல் வேறு. இதனைக் காட்டி, பிள்ளை தானே பதமடையுமெனக் கைகட்டியிருக்கும் ஆசிரியருக்கு இதில் ஆதாரம் இல்லை என்றே நாம் கருதுகின்றோம்.

மொழி அவ்வாறு தானே வருவதன்று. இரட்டையர் பேச்சிற் சிறிது பின்தங்குதல் பொதுவாகக் காணப்படுவது. மாதம் நிறையுமுன் பிறத்தல் ஒரு காரணம். தாயின் பேச்சு இருவருக்குப் பங்கிடப்படுதல் மற்றொன்று. தமக்குள்ளே குறைச்சொற்களாற் காரியம் முடித்துக்கொள்வோருக்குப் பிறர் மொழி வேண்டப்படுவதுமில்லை. உருசிய நாட்டு உளநூலார் லூரியா, யூதோவிச் என்போர் ஐந்து வயதினரான இத்தகைய இரட்டைச் சிறுவரை ஆராய்ந்தனர். அவர்தம் நூல் 1959 இல் ஆங்கிலத்தில் வெளிவந்தது. அச்சிறுவரைப் பாலர் பாடசாலையில் வெவ்வேறு குழுக்களிற் சேர்த்தனர். பிறரோடு பேசினாலன்றி விளையாட்டிற் சேரவியலாத நிலை நேர்ந்தது. மூன்று திங்களுள் இருவர் பேச்சும் பெரிதுந் திருந்தியது. முன்பு திட்டமின்றி விளையாடியோர் திட்டமிட்டு விளையாடினர். இருவருள் மெலிந்தவனுக்குத் தனியே பேச்சுப் பயிற்சியும் அளித்தனர். அவன் வாக்கியங்களை உணர்ந்து ஆராய்தலில் மற்றவனை முந்தினான். நேற்றுவரை பின்னின்றவன் முந்தினமைக்குப் பரம்பரை காரணமாகாது. அஃது இருவர்க்கும் பொது.

அவ்வாறாயின் இரட்டையர் யாவரையும் வேறு வகுப்புகளில் இருத்துதல் வேண்டுமோ எனின், அற்றன்று. பிரித்தானியாவிலும் கனடாவின் கியூபெக் மாகாணத்திலும் 7 வயது முதல் 16 வயது வரையுள்ள இரட்டையர் ஆயிரக்கணக்கானோரை ஆராய்ந்து 2018 இல் வெளியிட்ட முடிபின்படி, சேர்ந்து கற்றோர்க்கும் பிரிந்து கற்றோர்க்குங் கல்விப் பேற்றிற் சராசரியாகக் குறிப்பிடத்தக்க வேறுபாடு இல்லை. ஒருவர் மற்றவருக்காக விடை கூறுகின்றாரா, ஒருவர் நிழலில் மற்றவர் ஒதுங்குகின்றாரா, பிரித்தால் ஏங்குவரா என்பவற்றைப் பெற்றோரோடு கலந்து, சோடி சோடியாகத் தீர்மானித்தலே தக்கது. ஒரே வகுப்பு மாத்திரமுள்ள சிறு பாடசாலையில் வெவ்வேறு வாங்கில் இருத்துதலும், வினாவை ஒருவரைப் பெயர் சுட்டி வினாவுதலும் போதும்.

தவணை முடிவில் இருவருடைய தேர்ச்சி அறிக்கைகளும் ஒரே வீட்டில், ஒரே மேசைமேல் அருகருகே விரிக்கப்படும். ஆசிரியர் குறிப்பெழுதும்போது, அப்பிள்ளையின் சென்ற தவணை அறிக்கையை முன்வைத்து எழுதுக; உடன்பிறந்தவரது அறிக்கையை அப்போது மூடிவைக்க.