கட்டைவிரலுக்கு என்ன கணக்கு?

அன்புள்ள தம்பிக்கு,

யார்டில் உன் கூட்டாளிக்குக் கன்டெய்னர் கதவில் கட்டைவிரல் போனதையும், மூன்றாம் நாளே மேஸ்திரி ஐம்பதாயிரத்தோடு சடையங்குப்பத்தில் அவன் வீட்டுக்கு வந்து நின்றதையும் போனில் சொன்னாய். ‘நல்ல மனுஷன் பெரியப்பா, கேட்காமலே கொடுக்கிறார்’ என்றாய். கேட்காமல் வருகிற பணத்தோடு ஒரு தாளும் வந்திருக்குமே, அதில் என்ன எழுதியிருக்கிறது என்று பார்த்தாயா?

ஆஸ்பத்திரிச் செலவுக்கு என்று எழுதியிருந்தால் வாங்கிக்கொள்ளட்டும். வைத்தியச் செலவு எப்படியும் முதலாளியுடையதுதான், இழப்பீட்டில் அதைக் கழிக்க முடியாது. ‘இனி எந்தப் பாத்தியதையும் இல்லை’ என்று இருந்தாலோ வெற்றுத்தாளாக இருந்தாலோ கையெழுத்துப் போட வேண்டாம். அவசரத்தில் ஏற்கெனவே போட்டிருந்தாலும் இடிந்துபோக வேண்டியதில்லை. இழப்பீட்டு உரிமையை விட்டுக்கொடுக்கும் ஒப்பந்தம் சட்டப்படி செல்லாது.

அதைவிட எனக்குக் கவலை தருவது ஸ்டான்லி ஆஸ்பத்திரியில் எழுதிய ஏ.ஆர். விபத்துப் பதிவேட்டில் டியூட்டி டாக்டர் எழுதுகிற இரண்டு வரிதான் பின்னால் வழக்குக்கு முதுகெலும்பு. அடிபட்டவன் வலியில் துடித்துக்கொண்டிருப்பான். ‘எப்படி ஆச்சு?’ என்ற கேள்விக்குப் பதில் சொல்வது கூட வந்த கம்பெனி ஆள். ‘வீட்டில் கதவு இடித்துவிட்டது’ என்று அவர் சொன்னால் அதுதான் பதிவாகும். இந்தப் பக்கத்துக் கம்பெனிகளில் இதை நான் எத்தனையோ தரம் பார்த்துவிட்டேன். ஆகவே முதல் வேலையாக ஏ.ஆர். காப்பியை வாங்குங்கள். தவறாக இருந்தால் நடந்ததை உள்ளபடி எழுதி, இப்போதே காவல் நிலையத்தில் புகார் கொடுத்து ரசீது பெறுங்கள். அன்றைய ஷிப்டில் பக்கத்தில் நின்றவர்கள் யார் யார் என்று நீயும் ஒரு தாளில் எழுதி வை. ஆறு மாதம் போனால் பாதிப் பேர் வேறு யார்டுக்குப் போயிருப்பார்கள்.

கணக்குக்கு வருகிறேன். அவனுக்கு மாதம் 22,000 சம்பளம், 21,000-ஐத் தாண்டியதால் இ.எஸ்.ஐ. இல்லை என்கிறாய். சம்பளச் சீட்டில் பிடித்தம் உண்டா என்று ஒருமுறை பார்த்துவிடு. இ.எஸ்.ஐ. இருந்தால் வழி வேறு, பலனை அந்தக் கழகமே தரும். இல்லையென்றால் 1923-இல் வந்த இழப்பீட்டுச் சட்டம்தான். 2025 நவம்பர் 21 முதல் அது சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டத்துக்குள் போய்விட்டது. பெயர் மாறினாலும் அட்டவணை மாறவில்லை. சம்பளம் எவ்வளவானாலும் கணக்குக்கு 15,000 என்று 2020-இல் உச்சவரம்பு வைத்தார்கள். அதில் 60 சதவீதம் 9,000. அவனுடைய இருபத்தைந்து வயதுக்கு உரிய காரணி 216.91. இரண்டையும் பெருக்கினால் 19,52,190. கட்டைவிரல் போனால் 30 சதவீத இழப்பு என்கிறது அட்டவணை. ஆக 5,85,657 ரூபாய். மேஸ்திரியின் கருணை இதில் பத்தில் ஒரு பங்குகூட இல்லை.

அந்த 30 சதவீதமும் முடிவான பேச்சு அல்ல. ஒடிசாவில் சினிமா கொட்டகைக்கு அலங்கார வேலை செய்த ஒரு தச்சர் கீழே விழுந்து இடது கையை முழங்கைக்கு மேலே இழந்தார். ஒரு கை போனால் பகுதி இழப்புதானே என்று முதலாளி வாதாடினார். ஒற்றைக் கையால் தச்சு வேலை நடக்காது, இழப்பு முழு 100 சதவீதம் என்று உச்ச நீதிமன்றம் 1975-இல் தீர்ப்பளித்தது. விபத்து நடந்த நாளிலேயே இழப்பீடு கடனாகிவிடுகிறது என்றும் சொன்னது. உன் கூட்டாளி ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறவன். கட்டைவிரல் இல்லாமல் லீவரை எப்படிப் பிடிப்பான் என்பதை டாக்டர் சான்றிதழில் எழுதித் தரக் கேளுங்கள்.

‘நான் வெறும் காண்ட்ராக்டர்’ என்று மேஸ்திரி கை விரிக்கலாம். யாருடைய தொழிலுக்காக வேலை நடந்ததோ அந்தக் கம்பெனியிடமே கேட்க உரிமை உண்டு. காண்ட்ராக்டரிடம் வசூலித்துக்கொள்வது கம்பெனியின் பாடு. ஒரு மாதத்துக்குள் தராவிட்டால் 12 சதவீத வட்டியும் சேரும்.

2025 செப்டம்பர் 30 அன்று எண்ணூர் அனல்மின் நிலையக் கட்டுமானத்தில் சாரம் சரிந்து ஒன்பது பேர் இறந்தபோது முதல்வர் 10 லட்சமும் பிரதமர் 2 லட்சமும் அறிவித்தார்கள். அதைத்தான் எல்லோரும் இழப்பீடு என்று பேசினார்கள். அது அரசு தருகிற நிவாரணம். முதலாளி தர வேண்டியது தனி. டி.வி.யில் வராத விரலுக்கு அந்த நிவாரணமும் கிடையாது, முதலாளி தருவது மட்டும்தான்.

வழக்குப் போட இரண்டு வருடம் இருக்கிறதே என்று ஆறப்போட வேண்டாம். தொழிலாளர் துறை அலுவலகம் தேனாம்பேட்டை டி.எம்.எஸ். வளாகத்தில் இருக்கிறது. விம்கோ நகரில் மெட்ரோ ஏறினால் மாறாமல் ஏஜி-டிஎம்எஸ்ஸில் இறங்கலாம். அதற்கு முன்னால் ஞாயிற்றுக்கிழமை அவனை இங்கே அழைத்து வா. ஏ.ஆர். காப்பி, டிஸ்சார்ஜ் சம்மரி, கேட் பாஸ், சம்பளம் ஏறிய பாஸ்புக், வயதுக்கு ஆதார் எல்லாம் கையில் இருக்கட்டும். மேஸ்திரி கொடுத்த தாளையும் கிழிக்காமல் கொண்டு வாருங்கள்.

அன்புடன்,
பெரியப்பா