அடிப்பிடித்த சோற்றுக்கு ஏன் இத்தனை மதிப்பு?

நம் வீட்டில் சோறு அடிப்பிடித்தால் சமைத்தவருக்குத் திட்டு விழும். ஈரானிலோ அந்த அடிச்சோற்றுக்குத்தான் போட்டி. அதற்குப் பெயர் ‘தஹ்திக்’. பாரசீக மொழியில் ‘தஹ்’ என்றால் அடி, ‘திக்’ என்றால் பானை. திருமண விருந்துகளில் பரிமாறப்படும் ‘ஜவாஹெர் போலோ’வைச் சமைக்கும்போதும் பானையின் அடியில் இது உருவாகும். ஜவாஹெர் என்றால் நகைகள். பிஸ்தா, பாதாம், கேரட், ஆரஞ்சுத் தோல், ‘ஸெரெஷ்க்’ எனப்படும் புளிப்பான சிவப்புப் பழம் ஆகியவை சோற்றின்மேல் கற்கள் பதித்ததுபோல் மின்னும்.

அடிச்சோறு பொன்னிறமாக, மொறுமொறுப்பாக வரவேண்டும். கருகினாலும் வீண், வெளுத்துக் குழைந்தாலும் வீண். மூடிய பானைக்குள் எட்டிப் பார்க்கவும் முடியாது. அப்படியானால் எதை வைத்துக் கணிப்பது?

முதலில் அரிசியைப் பார்ப்போம். மாவுச்சத்தில் இரண்டு வகை மூலக்கூறுகள் உண்டு: நீண்ட சங்கிலி போன்ற அமைலோஸ், கிளைகள் நிறைந்த அமைலோபெக்டின். புலுட் அரிசியில் அமைலோஸ் ஏறக்குறைய இல்லை, ஆகவே ஒட்டுகிறது. பாஸ்மதியில் அமைலோஸ் கூடுதல். ஆகவே பருக்கைகள் தனித்தனியாக நிற்கின்றன. ஈரானியர்கள் காஸ்பியன் கடலோர வயல்களில் விளையும் நீள அரிசியைப் பயன்படுத்துகிறார்கள். நமக்குப் பாஸ்மதியே போதும். அரிசியைப் பலமுறை கழுவி, உப்பு நீரில் ஊறவைக்க வேண்டும். ஊறினால்தான் நீர் பருக்கையின் நடுப்பகுதிவரை செல்லும். இல்லையென்றால் உள்ளே வேகுமுன் வெளிப்புறம் குழைந்துவிடும்.

ஊறிய அரிசியை நிறையக் கொதிநீரில் 5 முதல் 7 நிமிடம் வேகவைத்து, நடுவில் சற்று விறைப்பு இருக்கும்போதே வடிக்கிறார்கள். நாம் கஞ்சி வடிப்பது போலத்தான், ஆனால் பாதி வேக்காட்டிலேயே. மீதி வேலையை ஆவி பார்த்துக்கொள்ளும்.

இனிதான் முக்கியமான கட்டம். உணவு பொன்னிறமாவதற்குக் காரணம் மையார் வினை. பிரெஞ்சு வேதியியலாளர் லூயி கமில் மையார் 1912இல் இதை விளக்கினார். அமினோ அமிலங்களும் சர்க்கரைகளும் சூட்டில் வினைபுரிந்து பழுப்பு நிறத்தையும் மணத்தையும் தருகின்றன. ஏறத்தாழ 140 டிகிரி செல்சியஸில் இந்த வினை வேகம் பிடிக்கும். ஆனால் பானையின் அடியில் நீர் இருக்கும்வரை வெப்பநிலை 100 டிகிரியை ஒட்டியே நிற்கும். அந்தச் சூட்டில் நிறம் மிக மெதுவாகவே மாறும்!

அதனால்தான் பானையின் அடியில் எண்ணெயோ உருக்கிய வெண்ணெயோ ஊற்றி, சோற்றைக் கூம்பாகக் குவித்து, முதல் சில நிமிடங்களுக்கு மிதமான தீயில் வைக்கிறார்கள். அடியில் உள்ள நீர் ஆவியாகிவிடும். எண்ணெய் 100 டிகிரியைத் தாண்டும். பிறகு தீயைக் குறைத்து சுமார் 45 நிமிடம் விடவேண்டும். அடிச் சோற்றில் தயிரும் முட்டை மஞ்சள்கருவும் கலப்பவர்களும் உண்டு. அவை புரதத்தைக் கூட்டுவதால் நிறம் இன்னும் நன்றாக ஏறும். மூடியைத் துணியால் சுற்றுவதும் வெறும் சடங்கு அல்ல. மூடியில் குளிர்ந்து நீராக மாறும் ஆவியைத் துணி உறிஞ்சிக்கொள்ளும். இல்லையேல் அது சொட்டிச் சோற்றைக் குழைத்துவிடும். துணியின் முனைகளை மேலே கட்டிவிடுங்கள், நெருப்பில் படக்கூடாது.

மஞ்சள் நிறம் தருவது குங்குமப்பூ. ஒரு பூவில் 3 சூல்முடிகள் மட்டுமே இருக்கும். ஒரு கிராமுக்கு ஏறக்குறைய 150 பூக்கள் தேவை. விலை அதிகமாக இருப்பதில் வியப்பில்லை. அதை நாம் வீணாக்குவது பெரும்பாலும் எண்ணெயில் போடுவதால்தான். குங்குமப்பூவின் நிறமியான குரோசின், கேரட்டிலுள்ள கரோட்டினின் உறவுக்காரன். ஆனால் குரோசின் மூலக்கூறின் இரு முனைகளிலும் சர்க்கரை ஒட்டியிருப்பதால் அது நீரில் கரையும். கரோட்டின் கொழுப்பில்தான் கரையும். ஆகவே ஜவாஹெர் போலோவில் குங்குமப்பூவைப் பொடித்து வெந்நீரில் ஊறவைக்கிறார்கள். கேரட்டை வெண்ணெயில் வதக்குகிறார்கள்.

இதை நீங்களே சோதித்துப் பார்க்கலாம். நான்கு கண்ணாடிக் குவளைகளை எடுத்து, இரண்டில் நீரும் இரண்டில் சமையல் எண்ணெயும் ஊற்றுங்கள். நீரில் ஒன்றிலும் எண்ணெயில் ஒன்றிலும் சிறிது மஞ்சள்தூள் போடுங்கள். மற்ற இரண்டில் ஐந்தாறு குங்குமப்பூ இழைகள். கலக்கிவிட்டு அரை மணி நேரம் அசைக்காமல் வையுங்கள். அடியில் படிந்ததை விட்டுவிட்டு, மேலே உள்ள திரவத்தின் நிறத்தை மட்டும் குறித்துக்கொள்ளுங்கள். அம்மா மஞ்சள்தூளைத் தாளிக்கும் எண்ணெயில் போடுவதற்கான காரணமும் அதில் தெரியும்.