மிஷன் ஆஸ்பத்திரிக்குப் போகும் இளம் மருத்துவருக்கு

அன்புள்ள மகளுக்கு,

வேலூர்க் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியில் உன் படிப்பு முடிந்துவிட்டதென்றும், சேரும்போது எழுதிக்கொடுத்த உடன்படிக்கையின்படி இரண்டாண்டுக் காலம் சிறியதொரு மிஷன் ஆஸ்பத்திரியில் பணிபுரிய அடுத்த மாதம் புறப்படுகிறாய் என்றும் உன் தகப்பனார் எழுதியிருந்தார். பெரிய ஸ்தாபனத்தில் பெரிய வைத்தியர்களிடம் பயின்ற பெண், ஸ்கேன் யந்திரம்கூட இல்லாத ஊரில் போய் எதைக் கற்றுக்கொள்ளப் போகிறாள் என்பது அவருடைய மனக்குறை. அவருக்குத் தனியே பதில் எழுதிவிட்டேன். உனக்குச் சொல்ல வேண்டியது வேறு.

நீ பயின்ற ஆஸ்பத்திரியின் சரித்திரம் உனக்குத் தெரியும்; ஆனால் அதை எந்த விதத்தில் தெரிந்துவைத்திருக்கிறாய் என்பதில் எனக்குச் சிறிது சந்தேகம் உண்டு. ராணிப்பேட்டையில் 1870-ல் பிறந்து, இந்தியாவில் மிஷனரியாக வாழ்வதில்லை என்று உறுதிகொண்டிருந்த ஐடா ஸ்கடர் என்னும் இளம்பெண், நோயுற்ற தாய்க்குத் துணையாகத் திண்டிவனத்தில் வந்து தங்கியிருந்த காலத்தில், ஒரே இரவில் பிராமணர் ஒருவரும் முகம்மதியர் ஒருவரும் வேறொரு ஹிந்துவும் அடுத்தடுத்து வந்து, பிரசவ வேதனையிலிருந்த தங்கள் மனைவியரைக் காப்பாற்ற வேண்டுமென்று மன்றாடியும், வைத்தியரான அவளுடைய தகப்பனாரை ஆண் என்பதனால் அவர்கள் ஏற்க மறுத்தமையால், வைத்தியம் அறியாத அவள் ஒன்றும் செய்ய இயலாது நிற்க, விடிந்தபோது அந்த மூன்று பெண்களும் இறந்துபோன செய்தி கேட்டு, தான் வைத்தியம் கற்பதென்று தீர்மானித்தாள் என்னும் வரலாற்றை நீ பல தடவை கேட்டிருப்பாய். அந்த இரவைப் பற்றி எனக்கு ஆட்சேபம் எதுவும் இல்லை. கேட்பவர்கள் அந்த இரவோடு சரித்திரம் முடிந்துவிட்டதாக எண்ணி எழுந்து போய்விடுகிறார்கள் என்பதுதான் என் வருத்தம். மனம் உருகுவது எளிது. உருகிய மனத்தை ஐம்பது வருஷம் பதிவேட்டிலும் கணக்குப் புத்தகத்திலும் கட்டிவைப்பதுதான் அரிது.

ஐடா 1899-ல் கார்னெல் சர்வகலாசாலையில் பட்டம் பெற்று, 1900-ஆம் ஆண்டின் தொடக்கத்தில் வேலூர் வந்து சேர்ந்தார். யாருடைய நிழலில் தொழில் பழகலாம் என்று நம்பி வந்தாரோ அந்தத் தகப்பனார் சில மாதங்களுக்குள் காலமானார். பங்களாவில் ஓர் அறை, அதில் ஒரு படுக்கை, உதவிக்கு வீட்டு வேலைக்கிருந்த சலோமி என்னும் பெண். ஆஸ்பத்திரியின் முதல் தாதி அவளே. அமெரிக்க வங்கிக்காரர் ராபர்ட் ஷெல் தம் மனைவியின் ஞாபகார்த்தமாகக் கொடுத்த 10,000 டாலரைக் கொண்டு 1902-ல் 40 படுக்கைகளோடு மேரி டேபர் ஷெல் ஆஸ்பத்திரி எழுந்தது. இன்று ஆரணி சாலையில் கண் சிகிச்சை நடக்கும் இடம் அதுவே.

வேறொருவராயிருந்தால் அந்த 40 படுக்கைகளை நிரப்பிக்கொண்டு, நல்ல பெயரோடு காலத்தைக் கழித்திருப்பார். ஐடாவோ தம் ஆஸ்பத்திரி எதைச் செய்ய முடியவில்லை என்பதையே கவனித்துக்கொண்டிருந்தார். ரோகிகள் மிகவும் முற்றிய நிலையில் வந்தார்கள். ஆகவே முதலில் மாட்டு வண்டியிலும், பின்னர் பெஜோ என்னும் பிரெஞ்சு மோட்டார் வண்டியிலும் குடியாத்தம் சாலையில் புறப்பட்டு, மரத்தடிகளில் வண்டியை நிறுத்திப் புண்ணைக் கழுவி மருந்து கொடுத்தார். மரத்தடிக்குப் போகத் தொடங்கியபின் ஆஸ்பத்திரியில் கைகள் போதவில்லை. ஆகவே 1909-ல் தாதிகளுக்கான பள்ளி ஏற்பட்டது. தாதிகள் இருந்தும் வைத்தியர் ஒருவரே என்ற குறை நீங்கவில்லை. ஆகவே 1918-ல் பெண்களுக்கென்று ஒரு மருத்துவப் பள்ளி தொடங்கலானார். மாகாண வைத்திய இலாகாவின் தலைவராயிருந்த கர்னல் பிரைசன், ஆறு பேர் விண்ணப்பித்தால் தொடங்கிக்கொள்ளலாம் என்று அரை மனத்தோடு அனுமதி கொடுத்தார். 151 விண்ணப்பங்கள் வந்தன. முதல் அணியில் தேறியவர்கள் 14 பேர்.

அந்த 151 விண்ணப்பங்களைப் பற்றி நான் அடிக்கடி எண்ணுவதுண்டு. பெண்ணை வெளியூருக்கு அனுப்பிப் படிக்கவைப்பதே பலர் வாய்க்கு விருந்தாயிருந்த அக்காலத்தில், பிணத்தை அறுத்துக் கற்கும் படிப்புக்குத் தம் மகளை அனுப்பத் துணிந்த தாய் தந்தையர் இத்தனை பேர் இருந்தார்கள் என்றால், துணிவு ஐடா ஒருவருடையது மாத்திரம் அல்ல. அவர்கள் பெயர் எந்தக் கட்டிடத்திலும் பொறிக்கப்படவில்லை.

மகளே, நான் உனக்குச் சொல்ல விரும்புவது இதுதான்: வேலூர் ஆஸ்பத்திரியின் ஒவ்வொரு பிரிவும், அதற்கு முன்பிருந்த பிரிவு ஒப்புக்கொண்ட ஒரு குறையிலிருந்து பிறந்தது. இந்தியாவிலேயே முதலாவது என்று சொல்லப்படும் சாதனைகளின் ஜாபிதாவை நீ மனப்பாடமாக வைத்திருப்பாய். ஜேக்கப் சாண்டி 1949-ல் தொடங்கிய நரம்பறுவைத் துறையும், 1961-ன் திறந்த இருதய அறுவையும் மெச்சத் தக்கவையே. ஆனால் முதலாவதாகச் செய்தது எதுவும் பத்து வருஷத்தில் எல்லா ஊரிலும் நடக்கும். ஒரு ஸ்தாபனத்தை அளப்பதற்கு அது கோல் ஆகாது.

அளக்க வேண்டுமானால் பால் பிராண்டின் வேலையை எடுத்துக்கொள். தொழுநோய் நிபுணரான ராபர்ட் காக்ரேனின் அழைப்பின்பேரில் 1946-ல் வந்த இந்த அறுவை வைத்தியர், அந்நோயாளிகளின் மடங்கிப்போன விரல்களைத் தசைநாண் மாற்றி நிமிர்த்தலாம் என்று 1948 முதல் செய்து காட்டினார். உலகம் வியந்தது. ஆனால் கை நிமிர்ந்து போனவர்களில் சிலர் திரும்பி வந்து, இந்தக் கையைக் கண்டு யாரும் பிச்சை போடுவதில்லை, நோயின் வடுவைக் கண்டு யாரும் வேலையும் தருவதில்லை என்று முறையிட்டதாகப் பிராண்டே பிற்காலத்தில் எழுதியிருக்கிறார். இங்கேதான் வைத்தியனுடைய தராதரம் தெரிகிறது. அறுவை வெற்றி, மற்றது சமூகத்தின் பாடு என்று அவர் கையைக் கழுவிக்கொள்ளவில்லை. பாகாயத்தில் நவ ஜீவ நிலையம் என்று குடிசைகள் எழுந்தன. அங்கே அவர்கள் தச்சு வேலை பழகினார்கள். அவர்கள் உளி பிடிப்பதைப் பார்த்தபோதுதான், உணர்ச்சியற்ற கையில் புண் எப்படி உண்டாகிறது என்பதும் வைத்தியர்களுக்குத் தெளிவாயிற்று. விரல்கள் நோயால் தாமாக உதிர்வதில்லை, வலி தெரியாமையால் நேரும் காயத்தாலேயே அழிகின்றன என்ற பேருண்மைக்கு அந்தத் தச்சுப் பட்டறை துணைநின்றது. அறுவைக் கூடத்திலேயே இருந்திருந்தால் இதை யாரும் கண்டிருக்க முடியாது. 1954-ல் மோட்டார் விபத்தில் இடுப்புக்குக் கீழ் செயலிழந்த மேரி வர்கீஸ், சக்கர நாற்காலியில் அமர்ந்தபடியே அந்தக் கைகளுக்கு அறுவை செய்ததும், 1966-ல் புனர்வாழ்வு நிலையம் அவர் தலைமையில் திறக்கப்பட்டதும் இந்த வழியில் வந்தவையே.

குறையை ஒப்புக்கொள்வது எப்போதும் இனிதாயிருக்கும் என்று எண்ணிவிடாதே. எல்.எம்.பி. என்னும் டிப்ளமாப் படிப்பு போதாது, சர்வகலாசாலைப் பட்டத்துக்கு உயர்த்த வேண்டும் என்று 1938-ல் மாகாண அரசு விதித்தபோது ஐடாவுக்கு வயது 67. மூடிவிடலாம் என்பதே சுலபமான வழி. யுத்த காலத்தில் அமெரிக்கா சென்று வருஷக்கணக்கில் அவர் நிதி திரட்டினார்; இங்கே காக்ரேன் முதலியோர் கல்லூரியைத் தரம் உயர்த்தினார்கள்; 1942-ல் பட்டப்படிப்புக்கு வழி பிறந்தது. பல சபைகளின் ஒத்துழைப்பைப் பெறுவதற்காக ஆண்களையும் சேர்த்துக்கொள்வதென்று முடிவானபோது, பெண்கள் கல்லூரி என்ற பெயரைச் சொல்லிப் பல வருஷம் பணம் சேர்த்த அமெரிக்க மாதரில் சிலர் மனம் கசந்தார்கள். அவர்கள் கசப்பில் நியாயம் இல்லை என்று நான் சொல்லமாட்டேன். கொடுத்த வாக்கு ஒன்று அங்கே மாறத்தான் செய்தது. ஆயினும் ஐடா செய்தது சரி என்பதே என் அபிப்பிராயம். மாறாமல் மூடப்பட்ட கல்லூரி யாருடைய வாக்கையும் காப்பாற்றியிராது.

பெரிதாவதிலும் ஆபத்து உண்டு. இன்று தோட்டப்பாளையத்துத் தெருக்களில் வங்காள எழுத்தில் பலகை தொங்குகிறது. ஜார்க்கண்டிலிருந்தும் வங்கதேசத்திலிருந்தும் ரயிலேறி வருகிறார்கள். இவ்வளவு தூரம் புகழ் பரவிய ஆஸ்பத்திரியின் மதிற்சுவரை ஒட்டிக் குடியிருக்கும் கூலிக்காரனுக்கு அதன் வரிசையும் செலவும் எட்டாமற் போகலாம். இதையும் அங்கிருந்தவர்கள் கண்டுகொண்டார்கள் என்பது ஆறுதல்: 1977-ல் கே.வி. குப்பம் வட்டாரத்தில் ருஹ்ஸா என்ற கிராம நலப் பிரிவும், 1982-ல் நகரத்து ஏழைகளுக்கென்றே குறைந்த செலவுச் சிகிச்சைப் பிரிவும் ஏற்பட்டன. ஆயினும் நூறு வருஷத்து ஸ்தாபனத்தில் இந்தப் பிரிவுகளில் வேலைசெய்ய எத்தனை இளைஞர் ஆவலோடு முன்வருகிறார்கள் என்று நீயே உன் நண்பர்களைக் கேட்டுப் பார்.

இனி, நம் வீட்டில் யாரும் வெளிப்படையாகக் கேட்கத் தயங்கும் விஷயம். நாம் கிறிஸ்தவர்கள் அல்ல. நீ போவதோ ஜெபத்தோடு நாளைத் தொடங்கும் இடம். மறைத்துப் பயனில்லை: அந்தக் காலத்து மிஷன் வைத்தியர்கள் மருந்தோடு மதத்தையும் கொண்டுவந்தார்கள். மரத்தடியில் மருந்துக்குக் காத்திருந்தவர்களுக்கு வேதக் கதைகளும் சொல்லப்பட்டன. காத்திருந்தவனுக்கு எழுந்து போகும் சுதந்திரம் எவ்வளவு இருந்தது என்று கேட்பது நியாயமான கேள்வி; அதைக் கேட்காமல் இந்தச் சரித்திரத்தைப் புகழ்வது முகஸ்துதி. ஆனால் அந்தக் கேள்வியை மாத்திரம் கேட்டுவிட்டு, நம்மவர் தீண்ட மறுத்த புண்ணை யார் தொட்டுக் கழுவினார்கள் என்ற மறு கேள்வியை விழுங்கிவிடுவதும் நேர்மை அல்ல. அவர்களுடைய ஜெபம் உனக்கு ஒவ்வாவிட்டால் மரியாதையோடு அமர்ந்திரு. சம்பளத்தைக் குறைத்துக்கொண்டு, பெருநகரத்தை விட்டு, இருபது வருஷமாக அதே ஊரில் கிடக்கும் ஒரு வைத்தியரையோ தாதியையோ அங்கே நீ சந்திப்பாய். அவர்களை அங்கே நிறுத்திவைப்பது எது என்று பரிகசிக்காமல் விசாரி. அதற்கு ஈடான ஒன்று உன்னிடத்தில் இருக்கிறதா என்பதையும் பார்த்துக்கொள். பெயர் எதுவாயினும் சரி, ஒன்று வேண்டும்.

போய்ச் சேர்ந்ததும் உன்னால் என்னென்ன செய்ய முடியும் என்று காட்டுவதற்கு அவசரப்படாதே. முதல் மாதம், பழைய பதிவேடுகளைக் கேட்டு வாங்கிப் படி. எந்த ஊர்க்காரர்கள் ஒரு தடவை வந்து பிறகு வரவேயில்லை, எந்த மருந்து பாதியில் நின்றது, எந்தப் பிரசவம் தாமதமாக வந்தது என்பதெல்லாம் அதில் இருக்கும். வராமற்போனவர்கள் ஏன் வரவில்லை என்பது பதிவேட்டில் இராது. மூத்த தாதிக்குத் தெரியும். "சிஸ்டர், எனக்குச் சொல்லுங்கள்" என்று அவரிடம் கேட்பதற்குக் கூச்சப்படாதே. உனக்குத் தெரிந்த கைவேலை எதுவாயினும், நீ புறப்படுவதற்குள் அங்கே இருவருக்காவது தெரிந்திருக்கும்படி செய். இரண்டு வருஷத்தில் நீ போய்விடுவாய், அவர்கள் இருப்பார்கள்.

திருப்பி அனுப்பப்பட்டவர்கள், பாதியில் நின்றவர்கள் இவர்களைப் பற்றி ஒரு சிறு நோட்டில் நாள்தோறும் குறித்துக்கொண்டு வா. குணமானவர்களைப் பற்றி உன் தகப்பனாருக்கு எழுது, அவர் மகிழ்வார். அந்த நோட்டில் உள்ளதை எனக்கு எழுது.

உன் நலம் நாடும்
பெரியப்பா