இடித்த வண்டி எதுவென்று தெரியாவிட்டாலும் இழப்பீடு உண்டு

விடியற்காலை நாலரை மணி. மந்தைவெளியில் இருந்து பால் பாக்கெட் போட சைக்கிளில் கிளம்பிய ஒருவரை, ராதாகிருஷ்ணன் சாலையில் ஒரு கார் இடித்துவிட்டு நிற்காமல் போய்விட்டது என்று வைத்துக்கொள்ளுங்கள். நம்பரை யாரும் பார்க்கவில்லை. அவர் உயிர் பிழைக்கவில்லை. பதினாறாம் நாள் காரியம் முடிந்ததும் சொந்தக்காரர்கள் சொல்வார்கள்: "வண்டியே தெரியலை, யார்மேல கேஸ் போடுறது? விடுங்க."

விட வேண்டியதில்லை. மோட்டார் வாகனச் சட்டத்தின் 161-வது பிரிவு இப்படிப்பட்ட குடும்பங்களுக்காகவே இருக்கிறது. முன்பு இறப்புக்கு 25,000 ரூபாய்தான் கிடைத்தது. 2022 ஏப்ரல் 1 முதல் 2 லட்சம் ரூபாய். பலத்த காயம் என்றால் 50,000 ரூபாய். ஆனால் கேட்பவர்கள்தான் இல்லை. 2022-ல் நாடு முழுவதும் இடித்துவிட்டு ஓடிய விபத்துகள் 67,387. அந்த 2022-23 நிதியாண்டில் இழப்பீடு கேட்டு வந்த மனுக்களோ வெறும் 205!

கோவையைச் சேர்ந்த எலும்பு சிகிச்சை நிபுணர் டாக்டர் எஸ். ராஜசேகரன் 2012-ல் தொடுத்த பொதுநல வழக்கில்தான் இது உச்ச நீதிமன்றத்தின் கவனத்துக்கு வந்தது. 2024 ஜனவரி 12-ல் நீதிமன்றம் ஓர் உத்தரவு போட்டது. வழக்குப் பதிவான ஒரு மாதத்துக்குள் வண்டியைக் கண்டுபிடிக்க முடியாவிட்டால், "உங்களுக்கு இந்தத் திட்டத்தில் இழப்பீடு உண்டு, இன்ன அதிகாரியைப் பாருங்கள்" என்று போலீஸே குடும்பத்துக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும். சென்னையில் விபத்து வழக்குகளைப் போக்குவரத்துப் புலனாய்வுப் பிரிவு விசாரிக்கிறது. ஒரு மாதம் கழித்தும் கடிதம் வரவில்லையா? நேரில் போய், இந்த உத்தரவைச் சொல்லிக் கேளுங்கள். தயங்க வேண்டாம்.

மனுவை எங்கே கொடுப்பது? இங்குதான் பலர் குழம்புகிறார்கள். நீங்கள் குடியிருக்கும் இடம் கணக்கில்லை. விபத்து நடந்த இடம்தான் கணக்கு. வீடு அடையாறில், விபத்து தி.நகர் உஸ்மான் சாலையில் என்றால், போக வேண்டியது மாம்பலம் வட்டாட்சியர் அலுவலகம். வட்டாட்சியர் நிலையிலான அதிகாரி விசாரித்து ஒரு மாதத்துக்குள் அறிக்கை தர வேண்டும். மாவட்ட ஆட்சியர் ஒப்புதல் தந்த பிறகு பணம் நேராக வங்கிக் கணக்குக்கு வரும். வக்கீல் கட்டாயமில்லை.

எஃப்.ஐ.ஆர். நகல், பிரேதப் பரிசோதனை அறிக்கை, இறப்புச் சான்றிதழ், வாரிசுச் சான்றிதழ், இரு தரப்பு அடையாள, முகவரிச் சான்றுகள், பாஸ்புக் முதல் பக்கம் ஆகியவற்றை எடுத்து வையுங்கள். எஃப்.ஐ.ஆர். நகலைத் தமிழ்நாடு காவல்துறையின் இணையதளத்தில் போனிலேயே பார்க்கலாம். வாரிசுச் சான்றிதழுக்கு இ-சேவை வழியாக விண்ணப்பிக்கலாம். பெயர்களை மட்டும் எழுத்து எழுத்தாகச் சரிபாருங்கள். ஆதாரில் இனிஷியல் முன்னால், ரேஷன் கார்டில் பின்னால், எஃப்.ஐ.ஆரில் அதுவும் இல்லை என்றால் அலைச்சல் உங்களுக்குத்தான்.

இருந்தாலும் 2 லட்சத்தோடு திருப்திப்பட வேண்டாம். வண்டி கிடைத்தால் கணக்கே வேறு. ஒரு ஜவுளிக்கடை ஊழியரை எடுத்துக்கொள்வோம். வயது 38, மாதச் சம்பளம் 20,000. அவரை நம்பி மனைவி, இரண்டு பிள்ளைகள், அம்மா. உச்ச நீதிமன்றம் 2009-ல் சரளா வர்மா வழக்கிலும் 2017-ல் பிரணய் சேத்தி வழக்கிலும் வகுத்த முறைப்படி, வருங்காலச் சம்பள உயர்வுக்காக 40 சதவீதம் சேர்த்தால் 28,000. அவருடைய சொந்தச் செலவுக்குக் கால் பங்கு கழித்தால் 21,000. வருஷத்துக்கு 2,52,000. அந்த வயதுக்கான பெருக்கல் எண் 15. ஆக 37,80,000 ரூபாய். ஈமச்சடங்குச் செலவு, துணையை இழந்ததற்கான தொகை எல்லாம் இதற்கு மேல். இறந்தவர் மேலும் தவறு இருந்தால் அந்த அளவு குறையும். இறந்தவர் இல்லத்தரசியா? "அவங்களுக்கு ஏது சம்பளம்" என்று விட்டுவிடாதீர்கள். வீட்டு வேலைக்கும் வருமானம் கணக்கிட வேண்டும் என்று 2021-ல் கீர்த்தி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

அதனால் முதல் வாரமே சம்பவ இடத்துக்கு யாரையாவது அனுப்புங்கள். சுற்றியுள்ள கடை, ஏ.டி.எம்., அபார்ட்மென்ட் வாசல் கேமராக்களைக் குறித்துக்கொண்டு வந்து விசாரணை அதிகாரியிடம் எழுதிக் கொடுங்கள். பல கேமராக்களில் சில நாட்களிலேயே பழைய பதிவு அழிந்து புதியது ஏறிவிடும். துக்க வீட்டில் இதைச் சொல்வது கஷ்டம்தான், ஆனால் யாராவது ஒருவர் சொல்லித்தான் ஆக வேண்டும். பாதி நம்பர் கிடைத்தாலும் போலீஸிடம் கொடுங்கள். முழு நம்பர் கிடைத்தால் எம்-பரிவாகன் செயலியில் அந்த வண்டிக்கு இன்ஷூரன்ஸ் இருக்கிறதா என்று நீங்களே பார்க்கலாம்.

வண்டி தெரிந்துவிட்டால் மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்தில் மனு போட வேண்டும். சென்னையில் உயர் நீதிமன்ற வளாகத்தில் உள்ள சிறுவழக்குகள் நீதிமன்றம் இதை விசாரிக்கிறது. இங்கே விதி நேர்மாறு: விபத்து விழுப்புரம் பக்கம் நடந்திருந்தாலும், நீங்கள் மயிலாப்பூர்வாசி என்றால் சென்னையிலேயே மனு போடலாம். கெடு ஆறு மாதம்; வண்டி கிடைத்த நாளிலிருந்து அல்ல, விபத்து நடந்த நாளிலிருந்து. இந்தக் கெடுவை எதிர்த்து உச்ச நீதிமன்றத்தில் வழக்குகள் இருக்கின்றன. அதை நம்பி நாளைக் கடத்தாதீர்கள்.

ஆஸ்பத்திரி வாசலிலேயே "கேஸை நாங்க பார்த்துக்கிறோம், கையெழுத்து மட்டும் போடுங்க" என்று வருபவர்களிடம் வெற்றுத்தாளில் கையெழுத்துப் போட வேண்டாம். பெண்களுக்கும் குழந்தைகளுக்கும், வருமானம் எவ்வளவு இருந்தாலும், சட்டப்பணிகள் ஆணைக்குழு மூலம் இலவசமாக வக்கீல் கிடைப்பார். 15100-க்கு போன் செய்யுங்கள்.

"2 லட்சம் வாங்கிட்டா அப்புறம் பெரிய கேஸ் போட முடியாதே" என்று சிலர் பயப்படுகிறார்கள். போடலாம். பிறகு தீர்ப்பாயம் இழப்பீடு கொடுத்தால், முன்பு வாங்கிய 2 லட்சத்தைத் திருப்பித் தர வேண்டும், அவ்வளவுதான்.