சொல்லிலே சரக்கு இருக்கிறதா?

நாம் வாழ்ந்து வியாபாரம் செய்து வரும் இந்த ஆங் மோ கியோவின் பெயருக்கு என்ன பொருள் என்று அண்டை அயலிலுள்ள சீனப் பெரியவர்களைக் கேட்டுப் பாருங்கள். ஹொக்கியன் பேச்சில் 'ஆங் மோ' என்றால் செம்முடியர், அதாவது வெள்ளைக்காரர். 'கியோ' என்றால் பாலம். ஆகவே 'வெள்ளைக்காரன் பாலம்' என்பார் ஒருவர். இல்லை, தொனியைச் சற்று மாற்றிச் சொன்னால் அது தக்காளிப் பழத்தின் பெயர் என்பார் இன்னொருவர். பெயர்ப்பலகைகளில் காணப்படும் சீன எழுத்துக்களோ, ஓசைக்குப் பொருந்துமாறு தேர்ந்தெடுக்கப்பட்ட மங்கலமான எழுத்துக்கள். அவற்றின்படி 'விசாலமும் செழிப்பும் உடைய பாலம்' என்று பொருள் வரும். 1973-ல் வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் இங்கே புதுநகர் அமைக்கத் தொடங்கியது. அன்று முதல் இங்கு குடிவந்தவர்களில் ஒருவரும் "பாலம் எங்கே? தக்காளி எங்கே?" என்று வழக்குப் போட்டிருக்க மாட்டார். பெயர் பெயர்தான், அது எதையும் உறுதி கூறவில்லை.

ஆனால் அந்தப் பெயருக்குக் கீழே கடை போட்டிருக்கும் நாம், கடைப் பலகையில் எழுதுவதும் வாடிக்கையாளரிடம் சொல்வதும் அப்படிப்பட்டவை அல்ல. "முதல் தரம்", "நம்பிக்கையான இடம்", "வாடிக்கையாளரே எமது செல்வம்", "கூடிய விரைவில் அனுப்பி வைக்கப்படும்", "தகுந்த நடவடிக்கை எடுக்கப்படும்" என்பன போன்ற சொற்களை நாம் தினந்தோறும் சொல்கிறோம், கேட்கிறோம். காதுக்கு இவை கனமாக இருக்கின்றன. தராசில் வைத்தால் எடை காட்டுகின்றனவா என்பதுதான் இன்றைய பாடம்.

உரசிப் பார்க்கும் கல்

பொற்கொல்லன் கையில் ஓர் உரைகல் இருப்பது போல, சொல்லைச் சோதிக்கவும் ஒரு கல் உண்டு. ஒரு வாக்கியத்தைக் கேட்டவுடன் நாம் கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வி இது: "என்ன நடந்தால் இந்தச் சொல் பொய்யாகும்?" இதற்கு விடை இருந்தால் அந்தச் சொல்லில் சரக்கு இருக்கிறது. விடையே இல்லையென்றால் அது காலிப் பெட்டி.

"இந்த மூட்டை 25 கிலோ, கல் கலப்பு இருந்தால் ஏழு நாளுக்குள் கொண்டு வாருங்கள், பணத்தைத் திருப்பித் தருகிறோம்" என்று ஒரு கடைக்காரர் சொல்கிறார். நிறுத்துப் பார்த்து 24 கிலோ இருந்தால் அவர் சொன்னது பொய். எட்டாம் நாள் போனால் பணம் கிடையாது. இதில் ஒவ்வொரு சொல்லும் அவரைக் கட்டுகிறது. "எங்கள் அரிசிக்கு நிகர் எங்கள் அரிசியே" என்கிறார் இன்னொருவர். எது நடந்தால் இது பொய்யாகும்? எதுவுமே இல்லை. ஆகவே அவர் ஒன்றும் சொல்லவில்லை. வாய் அசைந்தது, அவ்வளவுதான்.

மேல்நாட்டுத் தத்துவ ஆசிரியர்களும் இதைப்பற்றி வாதாடியிருக்கிறார்கள். 1936-ல் ஏ. ஜே. அயர் என்ற ஆங்கிலேயர் ஒரு நூல் எழுதினார். அனுபவத்தால் சோதிக்க வழியில்லாததும், சொல் வரையறையாலேயே உண்மையாகாததுமான வாக்கியம் பொருளற்றது என்று அதில் கூறி, இறைநம்பிக்கையையும் நன்னெறியையும்கூட அந்தக் கல்லில் உரசப் புகுந்தார். "உங்கள் விதியையே அந்தக் கல்லில் உரசினால் அது தேறுமா?" என்று மற்ற அறிஞர்கள் அவரைத் திருப்பிக் கேட்டார்கள். அந்தச் சச்சரவு நமக்கு வேண்டாம். வாழ்க்கை முழுவதற்கும் அது தீர்ப்பாகாது. ஆனால் சந்தைக்கு அது நல்ல கல் என்பதே நமது அபிப்பிராயம்.

எல்லாச் சொல்லும் எதையாவது உறுதி கூறித்தான் ஆகவேண்டும் என்று நாம் சொல்லவில்லை. ஸலாம் உரைக்கிறோம், துஆச் செய்கிறோம், நலம் விசாரிக்கிறோம்; இவை வேறு பணி செய்யும் சொற்கள். பொருள் எதையும் கூட்டாமல் செய்யுளில் நிற்கும் சொற்களை நம் தமிழ் இலக்கணத்தார் அசைநிலை, இசைநிறை என்று பெயரிட்டுத் தனியே பிரித்து வைத்தார்கள். செய்யுளில் அசைநிலை அழகு. கொடுக்கல் வாங்கலில் அது ஆபத்து.

ஒரு புகைப் பந்தின் கதை

1891-ஆம் ஆண்டு இறுதியில் இங்கிலாந்தில் ஃபுளூக் காய்ச்சல் பரவியிருந்த சமயம், ஒரு கம்பெனி 'கார்பாலிக் புகைப் பந்து' என்ற சாதனத்தைப் பத்திரிகைகளில் விளம்பரம் செய்தது. இதைத் தினம் மூன்று வேளையாக இரண்டு வாரம் முறைப்படி மூக்கில் உறிஞ்சிய பிறகும் எவருக்காவது ஃபுளூ கண்டால் அவருக்கு 100 பவுன் வெகுமதி என்றது. தனது மெய்யான எண்ணத்தைக் காட்ட 1,000 பவுனை வங்கியில் போட்டிருப்பதாகவும் அறிவித்தது. கார்லில் என்ற அம்மையார் பந்தை வாங்கினார், சொன்னபடியே உபயோகித்தார். 1892 ஜனவரியில் அவருக்குக் காய்ச்சல் வந்தது. 100 பவுனைக் கேட்டார்.

கம்பெனியின் பதில் நாம் கவனிக்கத் தக்கது. "இது விளம்பரத்துக்காகச் சொன்ன வெறும் பெருமைப் பேச்சு, இதையெல்லாம் யாரும் வாக்குறுதியாக எடுத்துக்கொள்ளலாகாது" என்பதே அதன் வாதங்களுள் ஒன்று. 1892 டிசம்பரில் மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. வெறும் பேச்சானால் வங்கியில் 1,000 பவுன் எதற்கு என்று நீதிபதிகள் கேட்டார்கள். அம்மையார் வென்றார். ஆங்கில ஒப்பந்தச் சட்டத்தின் வழிவந்த நம் சிங்கப்பூர்ச் சட்டம் பயிலும் மாணவர்கள் இன்றும் இந்த வழக்கைப் படிக்கிறார்கள்.

இதில் இரண்டு பாடங்கள் உண்டு. "உலகிலேயே சிறந்த மருந்து" என்று மட்டும் கம்பெனி சொல்லியிருந்தால் அது தப்பியிருக்கக் கூடும். மூன்று வேளை, இரண்டு வாரம், 100 பவுன் என்ற விவரங்களே பேச்சை வாக்காக்கின. இது முதற் பாடம். இரண்டாவது பாடம் சற்றுக் கசப்பானது. தன் சொல்லைக் காற்று என்று தானே கோர்ட்டில் ஒப்புக்கொள்ளும் வியாபாரி, வழக்கில் வென்றாலும் பெயரை இழக்கிறான்.

நமது ஊரில்

சிங்கப்பூரில் 2003-ல் இயற்றப்பட்டு, 2004 மார்ச் முதல் நடப்புக்கு வந்த பயனீட்டாளர் பாதுகாப்பு நியாய வர்த்தகச் சட்டம் இன்னும் ஒருபடி மேலே செல்கிறது. பொய் சொன்னால் மட்டுமல்ல. சொன்னதாலோ சொல்லாமல் விட்டதாலோ பயனீட்டாளர் நியாயமாகத் தவறாக விளங்கிக்கொள்ள நேர்ந்தாலும் அது நியாயமற்ற வர்த்தகமாகலாம். 2020 நவம்பர் முதல் விலை அறிவிப்புகளுக்கென்று தனி வழிகாட்டிகளும் நடப்பில் இருக்கின்றன. "பழைய விலை 50 வெள்ளி, இன்று 30 வெள்ளி" என்று எழுதினால் அந்தப் பழைய விலை மெய்யான விலையாக இருந்திருக்க வேண்டும்.

"70 விழுக்காடு வரை தள்ளுபடி" என்ற பலகையைப் பாருங்கள். அந்த 'வரை' என்ற ஒரு சொல் செய்யும் வேலையைக் கவனியுங்கள். மூலையில் ஒரே ஒரு சாமானுக்கு 70 விழுக்காடு தள்ளிவிட்டு, மற்றவற்றுக்கு ஐந்து விழுக்காடு தள்ளினாலும் வாக்கியம் பொய்யாகாது. கண்ணில் படுவது 70. கையில் வருவது 5. எண் இருப்பதாலேயே ஒரு சொல்லில் சரக்கு இருப்பதாக நம்பிவிடலாகாது.

நம் சமூகத்தாருக்கு இன்னும் நெருக்கமான உதாரணம் ஒன்று உண்டு. சில உணவுக் கடைகளில் "பன்றி இறைச்சி இல்லை, பன்றிக் கொழுப்பு இல்லை" என்ற அட்டை தொங்கும். அது மெய்யாகவே இருக்கலாம். ஆனால் கோழி எவ்வாறு அறுக்கப்பட்டது, சமையலில் மது சேர்ந்ததா என்பவற்றைப்பற்றி அந்த அட்டை வாய் திறக்கவில்லை. 'ஹலால்' என்ற சொல்லை அட்டை சொல்லவில்லை. படிப்பவர் மனம்தான் அதைச் சேர்த்துப் படிக்கிறது. ஹலால் சான்றிதழை 1978 முதல் வழங்கிவருவது முயிஸ் என்னும் இஸ்லாமிய சமய மன்றம். அதன் முத்திரையை அனுமதியின்றிப் பயன்படுத்துவது சட்டப்படி குற்றம். முத்திரைக்குப் பின்னால் சோதனையும் பொறுப்பும் நிற்கின்றன. வெறும் அட்டைக்குப் பின்னால் சுவர்தான் நிற்கிறது. "முஸ்லிம் கடைதானே" என்ற பேச்சும் அப்படியே. அது முதலாளி யார் என்று சொல்கிறது, அடுப்படியைப்பற்றிச் சொல்லவில்லை.

உண்மை மட்டும் போதுமா?

வாங்குபவரும் விற்பவரும் உண்மை பேசித் தெளிவுபடுத்தினால் அவர்களுடைய வியாபாரத்தில் பரக்கத் உண்டாகும் என்ற கருத்துள்ள நபிமொழியை நாம் கேட்டிருக்கிறோம். ஹகீம் இப்னு ஹிஸாம் (ரலி) அவர்கள் வாயிலாக வரும் இந்த ஹதீஸ் புகாரியிலும் முஸ்லிமிலும் இருக்கிறது. இங்கே நிபந்தனை ஒன்றல்ல, இரண்டு. உண்மை பேசுதல் ஒன்று, தெளிவுபடுத்துதல் மற்றொன்று. காலிச் சொல் பொய்யல்ல. ஆகவே முதல் நிபந்தனையிலிருந்து நழுவிவிடும். இரண்டாவதிலேதான் அது பிடிபடுகிறது.

நபி (ஸல்) அவர்கள் மதீனா வந்தபோது, அம்மக்கள் பேரீச்சம் பழத்துக்கு ஓராண்டு, ஈராண்டு முன்பே பணம் கொடுத்து வந்தார்கள். நபியவர்கள் அந்த வியாபாரத்தைத் தடுக்கவில்லை. அளவும் எடையும் தவணையும் இன்னதென்று தெரிந்திருக்க வேண்டும் என்று விதித்தார்கள். "நல்ல பழமாக, நிறைய, சீக்கிரம்" என்ற மூன்று காலிச் சொற்களின் இடத்தில் அளவு, எடை, தவணை என்ற மூன்று கனமான சொற்களை வைத்தார்கள் என்று நாம் விளங்கிக்கொள்ளலாம்.

இனி, நமக்குள் நடக்கக்கூடியதை ஓர் உதாரணமாகக் காண்போம். ஆங் மோ கியோவில் மளிகைக் கடை வைத்திருக்கும் ஒருவர், விருந்துச் சமையல் எடுத்துச் செய்யும் நண்பருக்கு 3,000 வெள்ளிக்கு அரிசியும் எண்ணெயும் கடனாகக் கொடுக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். "எப்போது தருவீர்கள் தம்பி?" என்று கேட்கிறார். "உங்க பணம் எங்கே போகப் போகுது நானா? பெருநாள் கழியட்டும், இன்ஷா அல்லாஹ் பார்த்துச் செய்துடலாம்" என்கிறார் நண்பர். இருவரும் நல்லவர்கள், இருவர் மனமும் நிறைகிறது. ஆனால் எந்தப் பெருநாள்? எவ்வளவு செய்வது? எதைப் பார்த்துச் செய்வது? எழுத்தில் ஒன்றுமில்லை.

ஆறு மாதத்தில் அந்த நண்பர் வபாத்தாகிவிடுகிறார். சொத்தைப் பங்கிடுமுன் கடனைத் தீர்க்க வேண்டும் என்பது மார்க்கச் சட்டம். கடைக்காரர் போய்க் கேட்கிறார். விதவையான அந்தச் சகோதரி கணக்கைப் புரட்டுகிறார். ஒரு வரியும் இல்லை. கொடுத்தால் யத்தீம் பிள்ளைகளின் பங்கை வெறும் வாய்ச்சொல்லுக்கு எடுத்துக் கொடுத்ததாகுமோ என்று அஞ்சுகிறார். மறுத்தால் கணவர் கடனாளியாகவே கிடப்பாரோ என்று கலங்குகிறார். இங்கே யாரும் பொய் சொல்லவில்லை, யாரும் மோசடி செய்யவில்லை. ஒரு தேதியும் ஒரு தொகையும் இருக்க வேண்டிய இடத்தில் ஓர் இனிய ஓசை இருந்தது, அவ்வளவே. திருக்குர்ஆனின் மிக நீண்ட வசனம், தவணைக் கடனை எழுதி வைப்பதைப்பற்றியது (2:282) என்பதை இந்த இடத்தில் நினைவு கூர்வோமாக.

'இன்ஷா அல்லாஹ்' என்ற சொல்லைப்பற்றியும் ஒரு வார்த்தை. நாளை ஒன்றைச் செய்வேன் என்று சொல்லும்போது அல்லாஹ்வின் நாட்டத்தைச் சேர்த்தே சொல்ல வேண்டும் என்று கஹ்ஃபு சூரா நமக்குக் கற்பிக்கிறது. செய்வேன் என்று உறுதி கொண்டவன், தன் பலத்தை நம்பாமல் சொல்லும் பணிவுச் சொல் அது. செய்ய மனமில்லாதவன் தப்பிப் போவதற்குத் திறந்து வைக்கும் கொல்லைக் கதவல்ல. "வெள்ளிக்கிழமை மாலை ஐந்து மணிக்கு 1,000 வெள்ளி தருகிறேன், இன்ஷா அல்லாஹ்" என்பது முஃமினின் வாக்கு. "இன்ஷா அல்லாஹ் பார்ப்போம்" என்பதில் மனிதன் பொறுப்பேற்றது எது என்பதை ஒவ்வொருவரும் தம் நெஞ்சைத் தொட்டுக் கேட்டுக்கொள்ள வேண்டும்.

பயிற்சி

வாசக அன்பர்கள் இவ்வாரம் ஒரு காரியம் செய்து பார்க்கலாம். கடைப் பலகையையும், பில்லின் அடியில் அச்சிட்டிருக்கும் வாசகத்தையும், கடைசியாகக் கொடுத்த ஒரு வாக்குறுதியையும் ஒரு தாளில் எழுதுங்கள். ஒவ்வொன்றின் பக்கத்திலும் நான்கு கேள்விகளை வையுங்கள்: யார்? எவ்வளவு? எப்போதைக்குள்? தவறினால் என்ன? பதிலில்லாத வாசகத்தை அடித்துவிட்டு, பதிலுள்ள ஒரு சிறு வாசகம் எழுதுங்கள். "பொருளைத் திருப்பித் தரலாம்" என்பதைவிட "பில்லுடன் ஏழு நாளுக்குள்" என்பது மேல். "விரைவில் கட்டிவிடுகிறோம்" என்பதைவிட "மாதம் 500 வெள்ளி, ஆறு மாதம்" என்பது மேல்.

தமிழில் காசுக்கும் நாணயம் என்றே பெயர், நேர்மைக்கும் நாணயம் என்றே பெயர். செல்லாக் காசைக் கல்லாவில் வாங்க மாட்டோம் அல்லவா? செல்லாச் சொல்லையும் வாங்காதிருப்போம், கொடுக்காதிருப்போம். நம் வாக்கில் கனத்தையும் நம் வியாபாரத்தில் பரக்கத்தையும் வல்ல நாயன் தந்தருள்வானாக! ஆமீன்.