எட்டுக் கதவுகள்

குழாயடிச் சண்டை பார்த்திருக்கிறீர்களா? மும்பை தாராவியில் அது தினமும் நடக்கும். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து பிழைக்க வந்த தமிழர்கள் இங்கே பல தலைமுறைகளாக வாழ்கிறார்கள். நான் இங்கே மாலை வகுப்பு எடுக்கிறேன். வகுப்பிற்கு வரும் ஓர் அக்காவின் கதை இது.

அக்கா முன்பு குடிசையில் இருந்தார். ஒடுக்கமான சந்து. காற்றுக்காக எல்லோரும் கதவைத் திறந்தே வைப்பார்கள். விடியும் முன் குழாயில் தண்ணீர் வரும். குடத்தோடு குடம் மோதும். சண்டை வரும். ஆனால் யாருக்குக் காய்ச்சல், யார் வீட்டில் பெண் பார்க்க வருகிறார்கள் என்பதெல்லாம் அங்கேதான் தெரியும்.

1995இல் மகாராஷ்டிர அரசு ஒரு திட்டம் கொண்டு வந்தது. குடிசைகளை எடுத்துவிட்டு மாடி வீடு கட்டிக் கொடுப்பது. முதலில் 225 சதுர அடி கொடுத்தார்கள். பிறகு அளவைக் கூட்டினார்கள். அக்காவுக்கும் ஆறாவது மாடியில் ஒரு வீடு கிடைத்தது.

வீட்டுக்குள்ளேயே குழாய். வீட்டுக்குள்ளேயே கழிப்பறை. வரிசையில் நின்றவர்களுக்குத்தான் அதன் அருமை தெரியும். குடிசைக்குத் திரும்ப யாருக்கும் ஆசை இல்லை.

ஆனால் குழாயடி போய்விட்டது. அந்த மாடியில் எட்டு வீடுகள். எட்டுக் கதவும் சாத்தியே இருக்கும். அக்காவின் கணவர் இறந்துவிட்டார். மகன் வேலைக்குப் போனால் இரவு பத்து மணிக்குத்தான் வருவான்.

"அங்க தண்ணிக்குச் சண்ட போட்டோம். இங்க சண்ட போடக்கூட ஆளு இல்ல" என்றார் அக்கா. நான் சிரித்துவிட்டேன். சிரித்திருக்கக் கூடாது.

பிறகு நான்கு நாள் அக்கா வகுப்பிற்கு வரவில்லை. பதிவேட்டில் 'வரவில்லை' என்று எழுதினேன். போய்ப் பார்க்கவில்லை. ஐந்தாம் நாள் போனேன். காய்ச்சலில் சுருண்டு கிடந்தார். மகன் மாத்திரை வாங்கி வைத்துவிட்டு வேலைக்குப் போயிருந்தான். சுவருக்கு அந்தப் பக்கம் டி.வி. ஓடும் சத்தம் கேட்டது. அவர்களுக்கு எதுவும் தெரியாது.

உலகில் ஆறு பேரில் ஒருவர் தனிமையால் வாடுகிறார். உலக சுகாதார நிறுவனம் 2025இல் இதைச் சொன்னது. தனிமையால் உடம்பும் கெடும், மனமும் கெடும். மனபாரம் தாங்க முடியவில்லையா? 14416 என்ற எண்ணுக்குப் போன் செய்யலாம். இது அரசு 2022இல் தொடங்கிய உதவி. தமிழிலும் பேசலாம். கட்டணம் இல்லை.

உடம்பு தேறியதும் அக்கா ஒரு காரியம் செய்தார். மாலை நான்கு மணிக்குக் கதவைத் திறந்தார். வாசலில் பாய் விரித்தார். முறத்தில் அரிசியைக் கொட்டிக் கல் பொறுக்கினார். மூன்று நாள் யாரும் வரவில்லை. நான்காம் நாள் எதிர்வீட்டு மராத்தி அம்மா வெந்தயக் கீரையோடு வந்து உட்கார்ந்தார். இருவரும் அரைகுறை இந்தியில் பேசினார்கள்.

இப்போது ஐந்து வீட்டுக்காரர்கள் வருகிறார்கள். இரண்டு கதவுகள் இன்னும் திறக்கவில்லை. அவற்றில் மராத்தியில் பெயர் எழுதியிருக்கிறது. "கதவத் தட்டுனா பேரு சொல்லிக் கூப்பிடணும்லா? அந்த எழுத்தையும் சொல்லிக் குடு" என்கிறார் அக்கா.

இந்த வாரம் அதைத்தான் படிக்கிறோம்.